பம்ப் மாட்டினேன், பிறகு கழற்றினேன்

தென்னாப்பிரிக்காவில் டர்பனிலிருந்து பீட்டர்மாரிட்ஸ்பர்க் போகும் பழைய சாலையில் ஐந்து பெரிய ஏற்றங்கள் உண்டு. கௌவீஸ் ஹில், ஃபீல்ட்ஸ் ஹில், போத்தாஸ் ஹில், இஞ்சாங்கா, கடைசியாக பாலி ஷார்ட்ஸ். இந்த வழியில் நடக்கும் காம்ரேட்ஸ் மாரத்தான் ஓடுகிறவர்கள் இந்த ஐந்து பெயர்களையும் மனப்பாடமாகச் சொல்வார்கள். எனக்கும் இப்போது மனப்பாடம். நான் ஓடவில்லை, என் கார் ஓடியது.

கார் 1925ஆம் வருடத்து ஃபோர்டு மாடல் டி. ஹோவிக் பக்கம் ஒரு பண்ணைக் கொட்டகையில் வைக்கோலுக்கு நடுவே பல வருடம் கிடந்ததை விலைக்கு வாங்கினேன். ஃபோர்டு கம்பெனி 1924ல் போர்ட் எலிசபெத்தில், இன்றைய பெயர் கெபெர்ஹா, ஒரு பழைய கம்பளிக் கிடங்கில் மாடல் டி கார்களை ஒன்றுசேர்க்கத் தொடங்கியது. வலதுபக்க ஸ்டீயரிங் கொண்ட இந்த வண்டிகளின் பாகங்கள் கனடாவிலிருந்து கப்பலில் வந்தன. தூத்துக்குடியிலிருந்து வேலைக்காக இங்கே வந்து 19 வருடம் ஆன எனக்கு, இந்த மண்ணில் எனக்கு முன்னால் வந்து இறங்கிய ஒரு பொருளைக் கையில் வாங்கியது பெரிய சந்தோஷம்.

முதல் நீண்ட பயணம் ஒரு ஜனவரி மாதம். டர்பன் வெயிலும் புழுக்கமும் தெரிந்தவர்களுக்கு ஜனவரி என்றால் புரியும். மனைவியும் மகளும் பின் சீட்டில். கௌவீஸ் ஹில் தாண்டியாகிவிட்டது. ஃபீல்ட்ஸ் ஹில்லில் ரேடியேட்டர் மூடியிலிருக்கும் மோட்டோமீட்டர் என்ற வெப்பமானியின் சிவப்பு மேலே ஏறுவதைப் பார்த்தேன். போத்தாஸ் ஹில் பாதி ஏறும்போது மூடியைச் சுற்றி ஆவி கிளம்பியது, கண்ணாடியில் சொட்டுச் சொட்டாகத் துரு கலந்த தண்ணீர் விழுந்தது. ஓரங்கட்டி நிறுத்தினேன். ஆயிரம் குன்றுகளின் பள்ளத்தாக்கு எதிரே விரிந்து கிடந்தது. அன்றைக்கு அதைப் பார்க்கும் மனநிலை எனக்கில்லை.

அன்று மாலையே ஆளாளுக்குச் சொன்ன யோசனை ஒன்றுதான்: வாட்டர் பம்ப் மாட்டு.

சொன்னதில் நியாயம் இருப்பதாகவே பட்டது. மாடல் டி இஞ்சினில் தண்ணீரைச் சுற்றவைக்கப் பம்ப் கிடையாது. தெர்மோசைஃபன் என்று சொல்லும் முறையில் தண்ணீர் தானாகவே சுற்றும். இன்றைய கார் எல்லாவற்றிலும் பம்ப் இருக்கிறது, இதில் இல்லை, ஆகவே கொதிக்கிறது என்று முடிச்சுப் போடுவது எளிது. அப்புறம், மாடல் டிக்கென்றே பெல்ட்டில் ஓடும் கூடுதல் பம்புகள் அந்தக் காலத்திலேயே கடைகளில் விற்றன, இன்றும் புதிதாகச் செய்து விற்கிறார்கள். வரவழைத்து ஒரு சனிக்கிழமை மாட்டினேன். ரேடியேட்டரின் கீழ்க்குழாய் வழியாக வரும் தண்ணீர் இஞ்சினுக்குள் நுழையும் இடத்தில் அது உட்காரும். ஃபேனைச் சுற்றும் பெல்ட்டே அதையும் சுற்றும்.

ஊருக்குள் ஓட்டியபோது நன்றாகவே இருந்தது. மூன்று வாரம் கழித்து மறுபடி பழைய சாலை. போத்தாஸ் ஹில் தாண்டிவிட்டது, எனக்கு நம்பிக்கை வந்துவிட்டது. டிரம்மண்ட் கடந்து இஞ்சாங்கா ஏற்றத்தில் பாதியில் மோட்டோமீட்டர் உச்சிக்குப் போனது. இறங்கிப் பார்த்தால் வண்டிக்குக் கீழே நாங்கள் வந்த வழியெல்லாம் ஈரக்கோடு. ஓவர்ஃப்ளோ குழாய் வழியாகத் தண்ணீர் போயிருக்கிறது. மூடியைத் துணி சுற்றித் திறந்து, ஆறவிட்டு ஊற்றினேன், ஏறக்குறைய 4 லிட்டர் பிடித்தது. இந்த வண்டியின் கொள்ளளவே சுமார் 11 லிட்டர்தான். அதற்கு மேல் பம்பின் தண்டைச் சுற்றியிருந்த பேக்கிங்கும் ஒழுகத் தொடங்கியிருந்தது.

வண்டியை டிரக்கில் ஏற்றிக்கொண்டு டர்பனில் இந்தியர்கள் அதிகம் வாழும் சாட்ஸ்வர்த் போனேன். அங்கே ஒரு தாத்தா இருக்கிறார். வயது எண்பதைத் தாண்டிவிட்டது, நாலு தலைமுறைக்கு முன் கரும்புத் தோட்டத்துக்கு ஒப்பந்தக் கூலியாக வந்த குடும்பம். மெக்கானிக்காக வேலை பார்த்து ஓய்வுபெற்றவர். அவருடைய தமிழில் பாதி இங்கிலீஷ், நடுநடுவே ஜூலுவும் வரும், ஆனால் வண்டியைப் பற்றிப் பேசும்போது தமிழ்தான் முன்னால் வரும். கோயிலில் தைப்பூசக் காவடியின்போது பழக்கம். அவருடைய அப்பா கேட்டோ மேனரில் காய்கறித் தோட்டம் வைத்திருந்தவர். 1960களில் நிறவெறி அரசு அந்த இடத்தைவிட்டு விரட்டி எல்லாரையும் சாட்ஸ்வர்த்துக்கு அனுப்புவதற்கு முன்பு, அந்தக் குடும்பத்திடம் ஒரு மாடல் டிடி லாரி இருந்தது. டிடி என்பது இதே இஞ்சின் பூட்டிய ஒரு டன் லாரி. கீரை, கத்திரிக்காய், வாழைத்தார் ஏற்றிக்கொண்டு அதே மலைச்சாலையில் அவர் அப்பா போய் வந்திருக்கிறார். சின்னப் பையனாக இவர் கூடப் போவாராம். மண்ணெண்ணெய் டின்னில் தண்ணீர் வைத்துக் காலுக்கிடையில் பிடித்துக்கொள்வதுதான் இவர் வேலை.

“அதுல பம்ப் இருந்துச்சா தாத்தா?” என்று கேட்டேன்.

“இல்ல தம்பி. நீ மாட்டியிருக்கியே, அதக் கழட்டு மொதல்ல. அது இருந்தா எனக்கு நோய் தெரியாது.”

கழற்றினோம். பழைய குழாயையே மாட்டி, தண்ணீர் நிரப்பி, வண்டியை அவர் வீட்டு வாசலில் கால் மணி நேரம் ஓடவிட்டோம். சூடு ஏறியதும் நிறுத்தச் சொன்னார். ஒரு டம்ளரில் தண்ணீர் எடுத்து வந்து, தோசைக்கல்லில் தெளிப்பதுபோல விரலால் ரேடியேட்டர்மேல் தெளித்தார். மேல் தொட்டியில் விழுந்த சொட்டு உடனே காய்ந்தது. கீழ்த் தொட்டியில் தெளித்தார். அதுவும் சீக்கிரமே காய்ந்துவிட்டது. பிறகு நடுவில். என் கார் ரேடியேட்டரில் நிமிர்ந்த வட்டக் குழாய்கள் வரிசையாக நிற்கும், அவற்றைக் குறுக்காகக் கோத்து மெல்லிய தகடுகள் இருக்கும். குழாய்மேல் விழுந்த சொட்டு காய்ந்தது. அதிலிருந்து ஒரு விரற்கடை தள்ளித் தகட்டின்மேல் விழுந்த சொட்டு அப்படியே உருண்டு நின்றது. காயவே இல்லை.

“பாத்தியா?” என்றார். விரல் நகத்தால் ஒரு தகட்டை நெம்பினார். அது குழாயின்மேல் வளையல்போலச் சறுக்கிக்கொண்டு மேலே போனது.

அந்த ஒரு சொட்டுத் தண்ணீர் எனக்குக் கற்றுக்கொடுத்ததைத்தான் இங்கே சொல்ல நினைக்கிறேன். பம்ப் தண்ணீரைத் தள்ளும். சூட்டை வெளியே தள்ளுவது ரேடியேட்டரின் தகடும் காற்றும்தான். என் வண்டியில் தண்ணீர் ஓடிக்கொண்டுதான் இருந்தது. அதனால்தான் கீழ்த் தொட்டியும் மேல் தொட்டியைப்போலவே சுட்டது. நூறு வருடத்தில் குழாயையும் தகட்டையும் சேர்த்துப் பிடித்திருந்த ஈயப்பற்று அரித்துப்போய், குழாயின் சூடு தகட்டுக்குப் போகவே இல்லை. அந்த நிலையில் எத்தனை வேகமாகத் தண்ணீரைச் சுற்றினாலும் சுடுதண்ணீர்தான் சுடுதண்ணீராகவே திரும்ப வரும்.

இதை வீட்டிலேயே யாரும் சோதிக்கலாம். நான் இப்போது கையடக்க வெப்பமானி ஒன்று வைத்திருக்கிறேன், தூரத்திலிருந்து காட்டினாலே எண் சொல்லிவிடும். இஞ்சின் நன்றாகச் சூடான பிறகு மேல் தொட்டி, கீழ்த் தொட்டி இரண்டையும் அளந்து பாருங்கள். மேலே கொதிநிலைக்குப் பக்கத்தில் இருந்து, கீழே 20, 30 டிகிரி குறைவாக இருந்தால் தெர்மோசைஃபன் வண்டிக்கு அது ஆரோக்கியமான நிலை. இரண்டும் ஏறக்குறைய ஒரே சூடு என்றால் தண்ணீர் ஓடுகிறது, சூடு வெளியேறவில்லை: தகடு, ஃபேன், முன்னால் மறைப்பு ஏதாவது. மேலே கொதிக்கிறது, கீழே கிட்டத்தட்டப் பச்சைத்தண்ணீர் என்றால் தண்ணீர் ஓடவில்லை: குழாய் அடைப்பு, இஞ்சின் உள்ளே துருச்சேறு, ஹோஸின் உள் தோல் உரிந்து வழியை மறிப்பது, அல்லது தண்ணீர் மட்டம் குறைந்திருப்பது. இந்தக் கடைசி வகையில் பம்ப் மாட்டினால் கொஞ்சம் குணம் தெரியும், அதுதான் பலரை ஏமாற்றுகிறது. அடைப்பு அப்படியே உள்ளே இருக்கும், வளர்ந்துகொண்டும் இருக்கும்.

தானாகத் தண்ணீர் எப்படிச் சுற்றும் என்று என் மகள் கேட்டாள். உலைப்பானையைக் காட்டினேன். பருப்பு வேகும்போது நெருப்பு நன்றாகப் படும் பக்கம் மேலே ஏறி, மறுபக்கம் கீழே இறங்கும். யாரும் கரண்டி போட்டுக் கிண்டவில்லை. கணக்காகச் சொன்னால், ஒரு லிட்டர் தண்ணீர் 60 டிகிரியில் 983 கிராம் எடை, 90 டிகிரியில் 965 கிராம். இந்த 18 கிராம் வித்தியாசம்தான் மாடல் டியின் பம்ப். இஞ்சினில் சூடான தண்ணீர் இலேசாகி மேல் ஹோஸ் வழியே ரேடியேட்டர் உச்சிக்குப் போகும். அங்கே ஆறி, கனத்து, கீழே இறங்கி, இஞ்சினுக்குள் மறுபடி நுழையும்.

இதிலே அழகு ஒன்று உண்டு. சூடு கூடக்கூட எடை வித்தியாசம் கூடும், ஓட்டமும் தானே வேகமாகும். பெல்ட்டில் ஓடும் பம்புக்கு இஞ்சினின் சூடு தெரியாது, சுற்றும் வேகம் மட்டுமே தெரியும். மேல் கியரில் மூச்சுத் திணறி மலை ஏறும்போது இஞ்சின் மெதுவாகச் சுற்றும், ஆனால் முழு பெட்ரோலும் எரியும். சூடு அதிகம், பம்ப் வேகம் குறைவு. வண்டியை நிறுத்தியதும் பம்ப் நின்றுவிடும், தெர்மோசைஃபனில் தண்ணீர் சுற்றிக்கொண்டே இருக்கும்.

இந்த முறைக்கு ஒரே ஒரு நிபந்தனை: மேல் ஹோஸ் ரேடியேட்டருக்குள் நுழையும் இடத்துக்குமேல் தண்ணீர் மட்டம் நிற்க வேண்டும். அதற்குக் கீழே போன நிமிடம் சுற்று அறுந்துவிடும், பிறகு இஞ்சினுக்குள் இருக்கும் தண்ணீர் அங்கேயே கொதிக்கும். இஞ்சாங்காவில் எனக்கு நடந்தது அதுதான். பம்ப் மேல் தொட்டிக்குத் தள்ளிய தண்ணீரைப் பாதி அடைந்த குழாய்கள் அதே வேகத்தில் கீழே விடவில்லை. மிஞ்சிய தண்ணீர் ஓவர்ஃப்ளோ வழியாக ரோட்டில் போனது. மட்டம் இறங்கியது. பம்ப் இல்லாமல் இருந்திருந்தால் ஆவி மட்டும் போயிருக்கும், நான் 4 லிட்டரை இழந்திருக்க மாட்டேன்.

ஃபோர்டு கம்பெனிக்கே இந்த அனுபவம் உண்டு. மாடல் டி 1908ல் வந்தபோது முதல் சுமார் 2,500 கார்களில் வாட்டர் பம்ப் இருந்தது. 1909லேயே அதை எடுத்துவிட்டு தெர்மோசைஃபனுக்கு மாறினார்கள். அதற்குப் பிறகு 1927 வரை, மொத்தம் ஒன்றரைக் கோடி வண்டி, பம்ப் இல்லாமலேயே செய்தார்கள். செலவு மிச்சம் என்பது ஒரு காரணம். ஒழுகுவதற்கு ஒரு பாகம் குறைவு என்பதும் பாலைவனத்திலும் பண்ணையிலும் ஓட்டுகிறவனுக்குச் சின்ன விஷயமில்லை. அந்த வண்டியோடு கொடுத்த கையேட்டிலேயே, நீண்ட ஏற்றத்திலும் ஆழ்ந்த மணலிலும் வெயிலில் எப்போதாவது கொதித்தால் பயப்பட வேண்டாம், தண்ணீர் கொதிநிலைக்கு அருகே இருக்கும்போதுதான் இஞ்சின் நன்றாக வேலை செய்கிறது என்று எழுதியிருக்கிறது. இன்றைய காரில் முள் மேலே போனால் நெஞ்சு அடித்துக்கொள்ளும் நமக்கு இதை ஏற்க நாளாகும். எனக்கு ஆனது.

சரி, என்ன செய்தோம் என்று சொல்கிறேன்.

ரேடியேட்டரைக் கழற்றி டர்பனில் ஒரு ரேடியேட்டர் கடையில் கொடுத்து, மேல் கீழ் தொட்டிகளை வைத்துக்கொண்டு நடுப்பகுதியைப் புதிதாகப் போட்டோம். தட்டைக் குழாய் வகை. பம்பின் விலையைவிட ஐந்து மடங்கு ஆனது. இந்தப் பணத்தை முதலிலேயே போட்டிருக்க வேண்டும் என்பது என் திடமான கருத்து. ரேடியேட்டர் வெளியே இருந்த அந்த வாரம் தாத்தா இஞ்சினின் தண்ணீர் அறைகளைப் பார்க்கச் சொன்னார். இஞ்சினின் மேல்மூடியான ஹெட்டைத் திறந்து, பழைய சைக்கிள் ஸ்போக் கம்பியை வளைத்துக் கிளறினால், செங்கல்மாவுபோல துருச்சேறு. பின்பக்க சிலிண்டரைச் சுற்றித்தான் அதிகம், தண்ணீர் கடைசியாகப் போய்ச்சேரும் இடம் அது. பொறுமையாகக் கிளறி, தோட்டக் குழாயால் பின்னோக்கி அடித்து, மறுபடி கிளறினோம். தண்ணீர் தெளிவாக வர இரண்டு நாள் ஆனது. அதன் பிறகு சிட்ரிக் அமிலம் கரைத்து ஊற்றி, இஞ்சினைச் சூடாக ஓட்டி, வடித்து, நல்ல தண்ணீரில் பலமுறை அலசினோம். புளி போட்டுத் தேய்த்த குத்துவிளக்கை அலசுவதுபோல், புளிப்பு கொஞ்சமும் மிச்சம் இருக்கக் கூடாது. ஒரு எச்சரிக்கை: இதைப் புது ரேடியேட்டர் மாட்டுவதற்கு முன்பே செய்யுங்கள். இல்லாவிட்டால் இஞ்சினில் கிளம்பும் சேறு முழுவதும் புதுக் குழாயில் போய் உட்காரும்.

அடுத்தது டைமிங். இதை நான் எதிர்பார்க்கவே இல்லை. மாடல் டியில் ஸ்டீயரிங்குக்குக் கீழே இரண்டு லீவர்: ஒன்று பெட்ரோலுக்கு, ஒன்று ஸ்பார்க் எப்போது விழவேண்டும் என்பதற்கு. கைப்பிடி போட்டு ஸ்டார்ட் செய்யும்போது ஸ்பார்க் லீவரை மேலே வைத்து ஸ்பார்க்கைத் தாமதப்படுத்த வேண்டும், இல்லாவிட்டால் கைப்பிடி திருப்பி அடித்து மணிக்கட்டு முறியும். ஓடத் தொடங்கியதும் லீவரைக் கீழே இழுத்து முந்தவிட வேண்டும். நான் இழுத்துத்தான் ஓட்டினேன். ஆனால் லீவரிலிருந்து டைமருக்குப் போகும் கம்பியை யாரோ எப்போதோ தப்பாக வளைத்திருந்தார்கள். முழுக்கக் கீழே இழுத்தாலும் ஸ்பார்க் தாமதமாகவே விழுந்தது. தாமதமாக எரியும் பெட்ரோல் பிஸ்டனைத் தள்ளுவதற்குப் பதிலாகச் சிலிண்டர் சுவரையும் புகைபோக்கியையும் சூடாக்கும். ஏற்கெனவே எரிபொருளின் வெப்பத்தில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு தண்ணீர் வழியாகத்தான் போகிறது, அதற்கு மேல் இது. தாத்தா கம்பியைச் சரியான கோணத்தில் வளைத்து மாட்டிய அன்றே வண்டியின் இழுவை வேறாகிவிட்டது. கொதிக்கும் பழைய வண்டி எதுவானாலும் ரேடியேட்டரைத் தொடுவதற்கு முன் டைமிங்கைப் பாருங்கள் என்று இப்போது எல்லோரிடமும் சொல்கிறேன், அதற்குக் காசு ஆகாது. டேஷில் இருக்கும் கார்புரேட்டர் திருகையும் மலை ஏறும்போது கால் சுற்று திறந்துவிடுகிறேன். பெட்ரோல் குறைந்த கலவை அதிகம் சூடாகும்.

ஃபேன் பெல்ட் தளர்ந்திருந்தது. கையால் ஃபேனைச் சுற்றும்போது லேசாகப் பிடிக்கத் தொடங்கும் அளவுக்கு இழுத்தால் போதும், அதற்குமேல் இறுக்கினால் ஃபேனின் புஷ் தேயும். மாடல் டி ஊர்ந்து ஏறும் வண்டி. லோ கியருக்கான பெடலை இடது காலால் மிதித்துக்கொண்டே ஏறும்போது எதிர்க்காற்று என்று ஒன்றும் இல்லை, ஃபேன் ஒன்றுதான் காற்று. அதன் இலைகளில் வெடிப்பு இருக்கிறதா என்றும் விளக்கு வைத்துப் பாருங்கள், உடைந்து பறந்தால் நேரே புது ரேடியேட்டரில்தான் பாயும். இன்னொன்று, ரேடியேட்டருக்கு முன்னால் நான் ஆசையாக மாட்டிவைத்திருந்த பெரிய பித்தளைத் தகடு. தாத்தா அதைப் பார்த்துவிட்டு, “மூக்க அடைச்சு வச்சா எப்படி மூச்சு விடும்?” என்று கேட்டுக் கழற்றச் சொன்னார்.

தண்ணீரைப் பற்றிக் கொஞ்சம். விளிம்புவரை நிரப்பக் கூடாது. சூடாகும்போது விரிந்து வெளியே போய், தனக்குத் தேவையான மட்டத்தில் அதுவாக நிற்கும். அது மேல் ஹோஸ் நுழையும் இடத்துக்குமேல் இருந்தால் போதும். அதைப் பார்த்துப் பயந்து நான் ஒவ்வொரு முறையும் விளிம்புவரை ஊற்றியிருக்கிறேன், அது ஒவ்வொரு முறையும் அதையே வெளியே துப்பியிருக்கிறது. டர்பன் கடற்கரையில் தண்ணீர் உறையாது, ஆகவே ஆன்டிஃப்ரீஸ் தேவையில்லை. அதிலிருக்கும் கிளைகால் என்ற திரவம் கலந்தால் தண்ணீரைவிடக் கெட்டியாகும், சூட்டைச் சுமக்கும் திறனும் குறையும். பம்ப் இல்லாத வண்டிக்கு இரண்டும் பாதகம். டிராக்கன்ஸ்பர்க் மலைப் பக்கம் குளிர்காலத்தில் உறைபனியில் நிறுத்துகிறவர்கள் வேறு வழியில்லாமல் கலக்க வேண்டும், அல்லது இரவில் வடித்துவிட வேண்டும். பிரஷர் மூடி மாட்டலாமா என்று பலர் கேட்கிறார்கள். மாட்டாதீர்கள். இந்த ரேடியேட்டர் அழுத்தத்துக்காகச் செய்ததல்ல, ஈயப்பற்று எல்லாம் பிளந்துவிடும்.

இவ்வளவு சொல்லிவிட்டு, பம்பே கூடாது என்று சொன்னால் அது நேர்மையாகாது. எந்த வண்டி பம்போடு பிறந்ததோ அதில் பம்ப் இருந்தே ஆக வேண்டும். மாடல் டிக்கு அடுத்து வந்த மாடல் ஏ பம்போடு வந்தது. அதன் தண்ணீர் வழிகளை அதற்கேற்றபடி செய்திருப்பார்கள், பம்ப் கெட்டுவிட்டது என்று கழற்றி எறிந்துவிட்டு ஓட்ட முடியாது. மறுபக்கம், ஆஸ்டின் செவன், மோரிஸ் எய்ட் போன்றவை மாடல் டியைப்போல தெர்மோசைஃபனிலேயே ஓடியவை. 1948ல் வந்த மோரிஸ் மைனரின் முதல் சைடு வால்வு இஞ்சினும் அப்படித்தான். ஹீட்டர் வைக்க வேண்டும் என்று வந்தபோதுதான் அதில் பம்ப் சேர்ந்தது. ஆக, ஹீட்டர் வைக்கப்போகிறீர்களா, பம்ப் வேண்டும், தெர்மோசைஃபனின் மெல்லிய ஓட்டம் ஹீட்டருக்குள் சூட்டைக் கொண்டுபோகாது. இஞ்சினில் கம்ப்ரஷன் கூட்டிய ஹெட் போட்டு, இரண்டு மடங்கு சக்தி எடுக்கிறீர்களா, அப்போதும் யோசிக்கலாம். வேறு வண்டியின் தாழ்ந்த ரேடியேட்டரை மாட்டியிருந்தால் உயரக் கணக்கே மாறிவிடும், அங்கும் பம்ப் தேவைப்படும். இந்த மூன்றும் இல்லை, வண்டி தொழிற்சாலையிலிருந்து வந்த மாதிரியே இருக்கிறது என்றால், அது அன்றைக்கு ஏறிய மலையை இன்றைக்கும் ஏற வேண்டும். ஏறவில்லை என்றால் ஏதோ பழுதாகியிருக்கிறது. அந்தப் பழுதைத் தேட வேண்டும்.

மாட்டித்தான் ஆக வேண்டும் என்றால், பம்பின் வழியில் தண்ணீர் தாராளமாகப் புகுந்து போக இடமிருக்கிறதா என்று பாருங்கள். என்னுடையதில் உள்ளிருக்கும் சக்கரம் குழாயைக் கிட்டத்தட்ட அடைத்துக்கொண்டு நின்றது. பெல்ட் அறுந்தால் தெர்மோசைஃபனும் கிடையாது, பம்பும் கிடையாது, ஃபேனும் கிடையாது. மூன்றும் ஒரே பெல்ட்டோடு போய்விடும்.

ரேடியேட்டர் மாட்டி ஆறு வாரம் கழித்து ஏப்ரலில் அதே சாலையில் மறுபடி போனோம். இந்த முறை தாத்தாவும் வந்தார், முன் சீட்டில், காலுக்கிடையில் 5 லிட்டர் தண்ணீர்க் கேன். ஃபீல்ட்ஸ் ஹில் அமைதியாக ஏறியது. போத்தாஸ் ஹில்லில் மோட்டோமீட்டரின் சிவப்பு வட்டத்தின் நடுவைத் தொட்டது. எனக்குக் கை வியர்த்தது. அவர் பார்க்கவே இல்லை, பள்ளத்தாக்கைக் காட்டி எந்த வளைவில் அவர் அப்பாவின் லாரி நின்று பெருமூச்சு விடும் என்று சொல்லிக்கொண்டு வந்தார். ஒரு செங்குத்தான இடத்தில் பெட்ரோல் டேங்க் பாதிக்குக் கீழே இருந்தால் திரும்பி ரிவர்ஸில் ஏற வேண்டியிருக்கும் என்றார். இந்த வண்டியில் டேங்க் சீட்டுக்கு அடியில், பெட்ரோல் தானாக இறங்கி வரவேண்டும், மூக்கு மேலே போனால் கார்புரேட்டர் டேங்க்கைவிட உயரமாகிவிடும். நாங்கள் முழு டேங்க் நிரப்பியிருந்தோம். இஞ்சாங்காவில் ஆவி இல்லை. பீட்டர்மாரிட்ஸ்பர்க்கில் மூடியைத் திறந்து பார்த்து ஒரு டம்ளர் தண்ணீர் ஊற்றினேன்.

அதற்கு அடுத்த வருடம் வான் ரீனன் கணவாய்வரை போனேன், டர்பனிலிருந்து ஏறக்குறைய 250 கிலோமீட்டர், இரண்டு நாளாக. உயரம் சுமார் 1,700 மீட்டர். அந்த உயரத்தில் தண்ணீர் 94 டிகிரியிலேயே கொதித்துவிடும், கடற்கரையில் 100 டிகிரி. இதை மறந்துவிட்டு மலைமேல் வெப்பமானி 93 காட்டுவதைப் பார்த்து இன்னும் இடமிருக்கிறது என்று நினைக்கக் கூடாது. கடைசி ஏற்றத்தில் கொதித்தது. வண்டியைக் காற்று வரும் பக்கம் திருப்பி நிறுத்தினேன். இஞ்சினை அணைக்கவில்லை, ஸ்பார்க்கை முந்தவிட்டு மெதுவாக ஓடவிட்டேன், ஃபேன் சுற்றிக்கொண்டிருக்கட்டும் என்று. சத்தம் அடங்கியது. பிறகு அணைத்து, இருபது நிமிடம் காத்திருந்து, மூடியைத் தடித்த துணியால் பிடித்துத் திறந்தேன். கொதிக்கும் இஞ்சினில் குளிர்ந்த தண்ணீரை ஒரேயடியாக ஊற்றினால் வார்ப்பிரும்பு வெடிக்கும், ஆகவே கொஞ்சம் கொஞ்சமாக. ஒன்றரை லிட்டர் பிடித்தது. டீ குடித்து முடித்து, கைப்பிடியைப் போட்டதும் முதல் சுற்றிலேயே பிடித்துக்கொண்டது.

கழற்றிய பம்பை ஜோஹானஸ்பர்க்கில் ஒரு நண்பரிடம் கொடுத்துவிட்டேன். அவர் தன் மாடல் டி இஞ்சினில் கம்ப்ரஷன் கூட்டிய ஹெட் போட்டு வேகமாக ஓட்டுகிறவர், அவருக்கு அது பயன்படுகிறது. கொடுப்பதற்கு முன் பேக்கிங்கை மாற்றித்தான் கொடுத்தேன். அவருடைய ரேடியேட்டரிலும் ஒரு டம்ளர் தண்ணீர் தெளித்துப் பார்த்துவிட்டுத்தான் திரும்பினேன். தகடு, குழாய் இரண்டிலும் சொட்டு ஒன்றாகவே காய்ந்தது.